கெமிக்கல் வரவில்லை என்றால் யார் மேல் வழக்கு?

“சப்ளையர் சரக்கு தர மாட்டேன் என்கிறார், கேஸ் போடலாமா?” பெங்களூரின் பீன்யாவில் பிளேட்டிங் பட்டறை நடத்துபவர், பொம்மசந்திராவில் தின்னர் கலப்பவர், ராஜாஜிநகரில் ஃபினாயில் தயாரிப்பவர் என எல்லோருக்கும் ஏதோ ஒரு நாளில் இந்தக் கேள்வி வரும். பதில்களும் தயாராக இருக்கும். “மார்க்கெட் முழுக்க ஒரே கம்பெனி கையில் இருப்பது சட்டவிரோதம், காம்பெடிஷன் கமிஷனுக்கு எழுது.” “சிறு தொழில்களுக்கான எம்எஸ்எம்இ சட்டம் இருக்கிறதே.” “ஹைகோர்ட்டில் ஒரு ரிட் போடு.”

இந்த மூன்றும் சில நேரம் சரி, பல நேரம் தவறு. தவறான கதவைத் தட்டினால் வக்கீல் கட்டணம் மட்டும் போவதில்லை. சரியான கதவுக்கு உரிய கெடுவும் அதற்குள் கடந்துவிடும். அதனால், சரக்கை நிறுத்தியது யார், எந்தக் காரணத்தால் என்பதைத்தான் முதலில் கண்டுபிடிக்க வேண்டும்.

## குழாயில் தண்ணீர் வராத நாள்

2024 கோடையைப் பெங்களூர்வாசிகள் யாரும் மறந்திருக்க மாட்டார்கள். குழாயில் தண்ணீர் வராததற்கு வீட்டுக்கு வீடு காரணம் வேறாக இருந்தது.

பணம் வாங்கிக்கொண்ட டேங்கர்காரர் சொன்ன லோடை அனுப்பாமல் இருந்தால், அது இருவருக்கும் இடையிலான பேச்சு முறிந்த விஷயம். அந்தப் பகுதிக்கே ஒரே டேங்கர்காரர்தான், அவர் ஆளுக்கொரு விலை சொல்கிறார் என்றால் அது வேறு பிரச்சினை. ஜலமண்டலியில், அதாவது பெங்களூர்க் குடிநீர் வாரியத்தில், கொடுத்த இணைப்பு மனு ஆறு மாதமாக மேசையில் தூங்கினால் அது மூன்றாவது. காவிரியிலிருந்து நகரத்துக்கு எவ்வளவு தண்ணீர் என்று மேலிடத்தில் எடுத்த முடிவு நான்காவது. நான்கிலும் குழாய் காய்ந்துதான் கிடக்கும். டேங்கர்காரர் மேல் உள்ள கோபத்தில் ஜலமண்டலிக்கு மனு எழுதி என்ன பயன்?

ரசாயனச் சரக்கும் இப்படித்தான். ஒப்பந்தம், சந்தை ஆதிக்கம், அனுமதி, எல்லையில் அரசு வைக்கும் கட்டுப்பாடு என்று நான்கு வால்வுகள். ஒவ்வொன்றுக்கும் தனிச் சட்டம், தனி மன்றம்.

## ரேட் கான்ட்ராக்ட் இருந்தால் சரக்கு உறுதியா?

அதிகம் நடப்பதும், அதிகம் தவறாகப் புரிந்துகொள்ளப்படுவதும் இதுதான். “காஸ்டிக் சோடா ஃப்ளேக்ஸ், கிலோ 45 ரூபாய், ஒரு வருடத்துக்கு” என்று சப்ளையர் கையெழுத்துப் போட்டுக் கொடுத்திருப்பார். வருடம் முழுக்கச் சரக்கு உறுதி என்று வாங்குபவர் நம்புவார். சட்டம் அப்படிப் பார்ப்பதில்லை.

அளவு சொல்லாமல் விலை மட்டும் சொல்லும் தாள் பெரும்பாலும் ‘நிலை முன்மொழிவு’தான். அதாவது, “நீங்கள் கேட்கும்போது இந்த விலைக்குத் தருகிறேன்” என்ற வாக்கு. நீங்கள் ஒவ்வொரு முறை ஆர்டர் கொடுக்கும்போதும் அந்த ஆர்டர் அளவுக்கு மட்டும் ஒப்பந்தம் பிறக்கிறது. இனிமேல் வரப்போகும் ஆர்டர்களுக்கு சப்ளையர் வாக்கைத் திரும்பப் பெறலாம். ஏற்கெனவே கொடுத்த ஆர்டரை மட்டும் நிறைவேற்றியாக வேண்டும். 1899-லேயே பம்பாய் உயர் நீதிமன்றம் பெங்கால் கோல் கம்பெனி வழக்கில், நிலக்கரி சப்ளை பற்றி இதைச் சொல்லிவிட்டது.

இதற்கு மருந்து தாளிலேயே இருக்கிறது. “சப்ளையர் மாதம் குறைந்தது 5 டன் தர வேண்டும், வாங்குபவர் குறைந்தது 4 டன் எடுக்க வேண்டும்” என்று இரு பக்கமும் கட்டுப்படும் ஒரு வரி சேர்த்தால் நிலைமை மாறிவிடும். உங்களையும் கட்டுப்படுத்தும் வரி என்பதால் பலர் இதை எழுதத் தயங்குகிறார்கள். ஆனால் நீங்கள் கட்டுப்படாத தாளில் அவரையும் கட்ட முடியாது.

உறுதியான ஆர்டர் இருந்தும் சரக்கு வரவில்லை என்றால், 1930-ம் ஆண்டு சரக்கு விற்பனைச் சட்டத்தின் 57-வது பிரிவின்படி நஷ்டஈடு கேட்கலாம். கணக்கு எளிது. ஆர்டர் 5 டன், ஒப்பந்த விலை கிலோ 45 ரூபாய், தர வேண்டிய நாளில் சந்தை விலை 58 ரூபாய் என்று வைத்துக்கொள்வோம். வித்தியாசம் கிலோவுக்கு 13 ரூபாய்; 5,000 கிலோவுக்கு 65,000 ரூபாய். சும்மா உட்கார்ந்திருந்து நஷ்டத்தை வளரவிட்டால் வளர்ந்த பகுதி கிடைக்காது. உடனே வேறு இடத்தில் வாங்கி, அந்த பில்லை வைத்துக்கொள்ள வேண்டும்.

“சரக்கு வராததால் லைன் நின்றது, என் கஸ்டமர் ஆர்டரை ரத்து செய்தார், அந்த லாபமும் போனது” என்பது அடுத்த கட்டம். ஒப்பந்தம் போடும்போதே அது சப்ளையருக்குத் தெரிந்திருந்தால்தான் இந்திய ஒப்பந்தச் சட்டத்தின் 73-வது பிரிவு அந்த நஷ்டத்தை ஏற்கும். ஆகவே பர்ச்சேஸ் ஆர்டரிலேயே ஒரு வரி எழுதுங்கள்: “இந்தச் சரக்கு குறித்த தேதியில் வராவிட்டால் இன்ன கஸ்டமருக்கான உற்பத்தி நிற்கும்.” பின்னாளில் இந்த ஒரு வரி பெரிய தொகையைத் தீர்மானிக்கலாம்.

இன்னொரு வழி 2018 திருத்தத்துக்குப் பிறகு குறிப்பிட்ட நிவாரணச் சட்டத்தின் (ஸ்பெசிஃபிக் ரிலீஃப் ஆக்ட்) 20-வது பிரிவில் உள்ள ‘மாற்று நிறைவேற்றம்’. ஒப்பந்தத்தை மீறியவருக்கு குறைந்தது 30 நாள் எழுத்து நோட்டீஸ் கொடுத்து, பிறகு வேறொருவரிடம் வேலையை முடித்து, செலவை அவரிடமே வசூலிப்பது. டேங்க் காலியாக இருக்கும் பட்டறைக்கு 30 நாள் பெரிய காலம். எங்கும் கிடைக்கும் சரக்குக்கு 57-வது பிரிவே போதும். உங்களுக்கென்றே தயாரிக்க வேண்டிய சரக்கு, நீண்ட கால சப்ளை போன்றவற்றுக்கு இது உதவும்.

“விலை ஏறிவிட்டது, கட்டுப்படியாகாது” என்பது சப்ளையர்கள் வழக்கமாகச் சொல்லும் காரணம். 2017-ல் எனர்ஜி வாட்ச்டாக் வழக்கில், இந்தோனேசிய நிலக்கரி விலை ஏறியதைக் காரணம் காட்டி ஒப்பந்தத்திலிருந்து விலக முடியாது என்று உச்ச நீதிமன்றம் சொன்னது. நிறைவேற்றுவது சுமையாகிவிட்டது என்பதால் மட்டும் ஒப்பந்தம் செத்துப்போவதில்லை. ஆனால் ஒப்பந்தத்திலேயே விலை மாற்ற ஷரத்து இருந்தால் அதுதான் பேசும். கையெழுத்துக்கு முன் அந்தப் பக்கத்தை இரண்டு முறை படியுங்கள்.

மன்றம் எது? வழக்கின் மதிப்பு 3 லட்சம் ரூபாயைத் தொட்டால் வணிக நீதிமன்றம். அதற்குக் கீழே சாதாரண சிவில் கோர்ட். வணிக நீதிமன்றத்துக்குப் போகும் முன், அவசர இடைக்காலத் தடை கேட்காத வழக்குகளில் சமரசப் பேச்சு கட்டாயம். அதைத் தாண்டிப் போட்ட வழக்கை நிராகரிக்கலாம் என்று 2022-ல் உச்ச நீதிமன்றம் தெளிவாகச் சொல்லிவிட்டது. சிவில் வழக்குக்கான காலக்கெடு பொதுவாக 3 ஆண்டுகள்.

இதுவரை பார்த்தது: எழுத்தில் அளவும் தேதியும் இருந்தால் சிவில் வழக்கு பலமாக நிற்கும். விலை மட்டும் இருந்தால் பெரும்பாலும் நிற்காது.

## பெரிய கம்பெனி என்பதே குற்றமா?

இல்லை. 2002-ம் ஆண்டு போட்டிச் சட்டத்தைப் பற்றிய மிகப் பெரிய தவறான எண்ணம் இதுதான். ஒரு கம்பெனி சந்தையில் 80 சதவீதம் வைத்திருப்பதைச் சட்டம் தடுக்கவில்லை. அந்தப் பலத்தை எப்படிப் பயன்படுத்துகிறது என்பதைத்தான் அது பார்க்கிறது.

‘ஆதிக்க நிலை’ என்பது போட்டியாளர்களையும் வாங்குபவர்களையும் பற்றிக் கவலைப்படாமல் ஒரு நிறுவனம் தன்னிச்சையாக நடக்கக்கூடிய நிலை. இத்தனை சதவீதம் என்று சட்டத்தில் எண் கிடையாது. பங்கு, நிறுவனத்தின் அளவு, வாங்குபவர்கள் எவ்வளவு சார்ந்திருக்கிறார்கள், புதியவர் நுழைவது எவ்வளவு கடினம் என எல்லாம் சேர்த்துப் பார்க்கப்படும்.

அதற்கும் முன்னால் ஒரு கேள்வி இருக்கிறது: எந்தச் சந்தையில் ஆதிக்கம்? சிறு உற்பத்தியாளர்களின் மனுக்கள் சறுக்கும் இடம் இது. ‘தொடர்புடைய சந்தை’ என்பது ஒன்றுக்குப் பதில் மற்றொன்றாகப் பயன்படுத்தக்கூடிய பொருள்களும், அவை நடைமுறையில் கிடைக்கும் நிலப்பரப்பும் சேர்ந்தது. கந்தக அமிலத்தை எடுத்துக்கொள்ளுங்கள். விலை குறைவு, எடை அதிகம், டேங்கரில் கவனமாகக் கொண்டுவர வேண்டும். தூரம் கூடக் கூட, லாரி வாடகை சரக்கு விலையையே விழுங்கும். அதனால் குஜராத்தில் பத்து உற்பத்தியாளர்கள் இருப்பது பெங்களூர்ப் பட்டறைக்கு உதவாது என்று வாதிட முடியும். வாடகை ரசீதுகளோடு வாதிட வேண்டும். பொருளிலும் அப்படித்தான். சாதாரண டெக்னிக்கல் கிரேடில் இரும்பு அசுத்தம் அதிகம், அதைத் தொட்டியில் விட்டால் பிளேட்டிங் கறுக்கிறது, ஆகவே அது மாற்றுப் பொருள் அல்ல என்றால், சோதனை அறிக்கையை இணைக்க வேண்டும். “எங்களுக்கு அதுதான் வேண்டும்” என்பது சாட்சியம் ஆகாது.

நல்ல முன்னுதாரணம் ரசாயனத்துக்குப் பக்கத்து வீட்டில் இருக்கிறது. 2020 மார்ச்சில் இந்தியப் போட்டி ஆணையம் (காம்பெடிஷன் கமிஷன்), விஸ்கோஸ் இழை விற்பனையில் கிராசிம் நிறுவனத்துக்கு 301.61 கோடி ரூபாய் அபராதம் விதித்தது. நூற்பாலைகளுக்கு ஆளுக்கொரு விலை வைத்தது, வாங்கிய இழையை எப்படிப் பயன்படுத்தினார்கள் என்ற விவரம் கேட்டது ஆகியவை குறைகளாகச் சொல்லப்பட்டன. பருத்தியும் பாலியெஸ்டரும் இருக்கிறதே என்ற வாதத்தை ஆணையம் ஏற்காமல், விஸ்கோஸ் இழையைத் தனிச் சந்தையாகப் பார்த்தது. நிறுவனம் மேல்முறையீட்டுக்குப் போனது. மூலப்பொருளை நம்பியிருக்கும் சிறு ஆலைகளின் குறையை ஆணையம் எந்த வரிசையில் ஆராய்கிறது என்று பார்க்க இந்த ஆணை உதவும்.

மூன்று கம்பெனிகள் சேர்ந்து விலையை ஏற்றினால்? தனித்தனியாக ஒவ்வொன்றும் ஆதிக்க நிலையில் இல்லை என்றால், ஆதிக்க மீறலைத் தடுக்கும் 4-வது பிரிவு பொருந்தாது. ‘கூட்டு ஆதிக்கம்’ என்ற கருத்து நம் சட்டத்தில் இல்லை. அப்போது 3-வது பிரிவின்படி அவர்களுக்குள் உடன்பாடு இருந்தது என்று காட்ட வேண்டும். ஒரே வாரத்தில் மூவரும் விலையை ஏற்றியது மட்டும் போதாது, ஏனென்றால் மூவருக்கும் மூலப்பொருள் ஒரே வாரத்தில் விலையேறியிருக்கலாம். டீலரிடம் “இவருக்கு விற்காதே” என்று உற்பத்தியாளர் கட்டுப்பாடு போட்டிருந்தால் அதையும் 3-வது பிரிவு தொடும். ஆனால் அதனால் சந்தையில் போட்டி கணிசமாகக் கெட்டது என்று காட்டியாக வேண்டும்.

ஆணையத்தில் கொடுப்பதற்கு ‘தகவல்’ என்று பெயர். பிரச்சினை எழுந்த நாளிலிருந்து 3 ஆண்டுக்குள் கொடுக்க வேண்டும். முகாந்திரம் இருப்பதாகத் தோன்றினால் ஆணையம் தன் விசாரணைப் பிரிவின் தலைமை இயக்குநரை விசாரிக்கச் சொல்லும். இல்லை என்றால் அங்கேயே மூடும். “பெயர் தெரிந்தால் இருக்கிற சரக்கும் நின்றுவிடும்” என்று அஞ்சுவது நியாயம்தான். தகவல் தருபவர் அடையாளத்தை மறைக்கும்படி எழுத்தில் கேட்க வழி இருக்கிறது. அவசரம் என்றால் 33-வது பிரிவின்படி இடைக்கால ஆணை கேட்கலாம், ஆனால் அது எளிதில் கிடைப்பதில்லை.

ஆணையம் உங்கள் நஷ்டத்தை வாங்கித் தரும் இடம் அல்ல. சந்தையைச் சரிசெய்யும் இடம். ஆணையம் மீறல் நடந்தது என்று சொன்ன பிறகு, தேசிய நிறுவனச் சட்ட மேல்முறையீட்டுத் தீர்ப்பாயத்தில் தனியாக நஷ்டஈடு கேட்க வேண்டும். ஆண்டுகள் ஆகும். அடுத்த மாதச் சரக்குக்கு இது வழியல்ல.

சப்ளையர் மறுப்பதற்கு நியாயமான காரணங்கள் உண்டு என்பதையும் சொல்லியாக வேண்டும். பழைய பாக்கி நிற்கிறது, கிரெடிட் லிமிட் தாண்டிவிட்டது, இனி கையில் காசு வாயில் தோசை என்றால் அது ஆதிக்க மீறல் ஆகாது. உங்களிடம் லைசென்ஸ் இல்லை என்று மறுத்தால் அவர் சட்டத்தைத்தான் பின்பற்றுகிறார்.

## பூட்டு அரசு அலுவலகத்தில் இருந்தால்

லைசென்ஸ் எங்கே தேவைப்படுகிறது என்பதற்குச் சில உதாரணங்கள்.

டொலுவீன் தின்னர் போடுபவர்களுக்கு அன்றாடப் பொருள். அதன் தீப்பற்று நிலை, அதாவது ஆவி தீப்பிடிக்கத் தொடங்கும் குறைந்தபட்ச வெப்பநிலை, சுமார் 4 டிகிரி செல்சியஸ். 23 டிகிரிக்குக் கீழே என்பதால் பெட்ரோலியச் சட்டப்படி அது ஏ வகுப்பு. விற்பனைக்கு அல்லாமல் வைத்துக்கொள்ள லைசென்ஸ் இல்லாத வரம்பு 30 லிட்டர். ஒரே ஒரு 200 லிட்டர் டிரம் வந்து இறங்கினாலே வரம்பு தாண்டிவிடும். தீப்பற்று நிலை 23-க்கு மேல் 65-க்குக் கீழ் இருக்கும் பி வகுப்புக்கு வரம்பு 2,500 லிட்டர், அதிலும் எந்தக் கலனும் 1,000 லிட்டரைத் தாண்டக்கூடாது. “பக்கத்து ஷெட்காரர் வைத்திருக்கிறாரே” என்பவர்கள் பெரும்பாலும் அவர் வைத்திருப்பது எந்த வகுப்பு என்று பார்ப்பதில்லை.

அசிட்டிக் அன்ஹைட்ரைடு ஹெராயின் தயாரிப்பிலும் பயன்படுவதால், போதைப்பொருள் சட்டத்தின் 2013-ம் ஆண்டு கட்டுப்பாட்டு ஆணைக்குள் வருகிறது. போதைப்பொருள் தடுப்புப் பிரிவிடம் தனிப் பதிவு எண் வாங்கி, மூன்று மாதத்துக்கு ஒருமுறை கணக்குக் கொடுக்க வேண்டும். எண் இல்லாதவருக்கு விற்றால் விற்றவரும் மாட்டுவார்.

மையும் வாசனைப் பொருளும் சானிடைசரும் தயாரிப்பவர்களுக்குத் தேவையான தொழிற்சாலை ஸ்பிரிட் பற்றிய சண்டை இன்னும் ஆழமானது. மாநிலத்துக்கு அதிகாரமா, மத்திய அரசுக்கா? 1990-ல் உச்ச நீதிமன்றத்தின் ஏழு நீதிபதிகள், தொழிற்சாலை ஆல்கஹால் மாநிலத்தின் கைக்குள் வராது என்றார்கள். 2024 அக்டோபர் 23-ல் ஒன்பது நீதிபதிகள் அமர்வு 8-க்கு 1 என்ற கணக்கில் அதை மாற்றி, அரசியலமைப்பு மாநிலத்துக்கு ஒதுக்கிய ‘போதை தரும் மதுபானம்’ என்ற சொல்லுக்குள் அதுவும் அடங்கும், மாநிலம் ஒழுங்குபடுத்தலாம் என்றது. நீதிபதி பி.வி. நாகரத்னா மட்டும் மாறுபட்டார். “இது குடிக்கிற சரக்கே இல்லை, எக்சைஸுக்கு என்ன வேலை” என்ற பழைய வாதம் இனி எடுபடாது என்பதுதான் இதன் நடைமுறைப் பொருள்.

அலுவலகம் மனுவை நகர்த்தாவிட்டால் அப்போதுதான் ரிட் நினைவுக்கு வர வேண்டும். ‘ரிட்’ என்பது அரசு அதிகாரத்துக்கு எதிராக உயர் நீதிமன்றம் அரசியலமைப்பின் 226-வது ஷரத்தின்படி தரும் ஆணை. தனியார் சப்ளையரைச் சரக்கு தரச் சொல்லி ரிட் கேட்க முடியாது. பெரும்பாலும் கிடைப்பது “மனுவை இத்தனை வாரத்துக்குள் பரிசீலித்து முடிவெடு” என்ற உத்தரவுதான். லைசென்ஸைக் கொடுத்துவிடு என்று நீதிமன்றம் சொல்வது அரிது. மேல்முறையீட்டு வழி இருந்தால் முதலில் அங்கே போகச் சொல்வார்கள். மாசுக் கட்டுப்பாட்டு வாரியத்தின் இசைவு, பேச்சு வழக்கில் ‘கன்சென்ட்’, மறுக்கப்பட்டால் நீர்ச் சட்டப்படி மேல்முறையீட்டுக்கு 30 நாள்தான்.

அதே சட்டத்தில் பலர் பாதி மட்டும் கேள்விப்பட்ட விதி ஒன்று உண்டு. நான்கு மாதத்தில் வாரியம் பதில் சொல்லாவிட்டால் கன்சென்ட் கிடைத்ததாகவே கொள்ளலாம் என்பார்கள். சட்டம் சொல்வது எல்லா வகையிலும் முழுமையான மனுவிலிருந்து நான்கு மாதம். வாரியம் கேட்ட ஒரு வரைபடத்தை நீங்கள் தராமல் இருந்தால் அந்தக் கடிகாரம் ஓடத் தொடங்கவே இல்லை என்பார்கள். கேட்ட ஒவ்வொன்றையும் கொடுத்து, ஒப்புகை வாங்கி வைப்பவருக்கே இந்த விதி பயன்படும். கோப்பு எங்கே நிற்கிறது என்று தெரியாவிட்டால் தகவல் உரிமை மனு போடுங்கள்; பதிலுக்கு 30 நாள்.

இதுவரை பார்த்தது: அரசுக்கு எதிராக ரிட், தனியாருக்கு எதிராக சிவில் வழக்கு அல்லது போட்டி ஆணையம்.

## துறைமுகத்தில் நிற்கும் வால்வு

இறக்குமதிச் சரக்கை நம்பியிருப்பவர்களை இரண்டு வகை அரசு முடிவுகள் பாதிக்கின்றன. இரண்டையும் ‘பேன்’ (தடை) என்ற ஒரே ஆங்கிலச் சொல்லால் சொல்வதால் குழப்பம்.

முதலாவது ‘தரக் கட்டுப்பாட்டு ஆணை’. ஒரு பொருள் இந்தியத் தர நிர்ணயத்துக்கு ஏற்றதாக, பிஐஎஸ் எனும் இந்தியத் தர நிர்ணய அமைப்பின் முத்திரையோடு மட்டுமே விற்கப்பட வேண்டும் என்ற கட்டாயம். காஸ்டிக் சோடாவுக்கு 2018-ல் வந்தது. மெத்தனால், அசிட்டிக் ஆசிட், அனிலின் ஆகியவற்றுக்கு 2019-ல். வெளிநாட்டு ஆலையும் பிஐஎஸ் லைசென்ஸ் வாங்க வேண்டும். அதற்கு அதிகாரிகள் போய் ஆலையைச் சோதிக்க வேண்டும். சிறிய அளவில் வாங்கும் பெங்களூர்ப் பட்டறைக்காக எந்த வெளிநாட்டு ஆலையும் அந்தச் செலவை எளிதில் ஏற்காது. சரக்கு நிற்பது இதனால்தான். பல ஆணைகளில் சிறு, குறு நிறுவனங்களுக்குக் கூடுதல் கால அவகாசம் உண்டு. அது அந்தப் பொருளைத் தயாரிப்பவருக்கே தவிர வாங்குபவருக்கு அல்ல.

நீதிமன்றத்தில் இதை எதிர்ப்பது கடினம். தரம் வேண்டுமா வேண்டாமா என்பது கொள்கை முடிவு என்று நீதிபதிகள் ஒதுங்கிவிடுவார்கள். துறையிடம் கணக்கோடு முறையிடுவது சில நேரம் பலிக்கிறது. 2025 நவம்பரில் பாலிமர், செயற்கை இழை மூலப்பொருள்கள் மீதான 14 ஆணைகளை மத்திய அரசே திரும்பப் பெற்றது.

இரண்டாவது ‘பொருள் குவிப்புத் தடுப்பு வரி’. தன் நாட்டில் விற்பதைவிடக் குறைந்த விலைக்கு இங்கே கொட்டப்படும் சரக்கின் மீது, உள்நாட்டு உற்பத்தியாளரைக் காக்கப் போடப்படும் கூடுதல் சுங்கம். இது தடை அல்ல. வழக்கமாக 5 ஆண்டு இருக்கும், மறு ஆய்வில் நீளலாம். வணிகத் தீர்வுகள் தலைமை இயக்குநரகம் விசாரித்துப் பரிந்துரைக்கும், நிதி அமைச்சகம் ஏற்கவோ விடவோ செய்யும்.

இங்கே சிறு உற்பத்தியாளர்கள் கோட்டைவிடும் வாய்ப்பு ஒன்று இருக்கிறது. பொருளைப் பயன்படுத்தும் தொழில்களுக்கும் கருத்துச் சொல்ல வாய்ப்பு தரவேண்டும் என்று பொருள் குவிப்புத் தடுப்பு வரி விதிகளின் 6(5) சொல்கிறது. விசாரணை அறிவிப்பு வந்ததும் சுமார் 30 நாளுக்குள் பதிந்து, பயனாளர் கேள்வித்தாளை நிரப்ப வேண்டும். பெரும்பாலான பட்டறைகளுக்கு வரி அமலாகி பில் ஏறிய பிறகுதான் விஷயமே தெரிகிறது. தனியாகச் செய்ய முடியாது என்றால் பீன்யா தொழிலதிபர்கள் சங்கம், காசியா (கர்நாடகச் சிறுதொழில் சங்கம்) போன்ற அமைப்புகள் வழியாகச் சேர்ந்து செய்யலாம். “வரியே வேண்டாம்” என்று எழுதுவதைவிட, “இந்த கிரேடை உள்நாட்டில் யாரும் தயாரிப்பதில்லை, இதை விலக்குங்கள்” என்று எழுதுவது பலிக்க வாய்ப்பு அதிகம். உள்நாட்டு ஆலையிடம் ஆர்டர் கேட்டு மறுக்கப்பட்ட மின்னஞ்சல் இருந்தால் அதைவிட நல்ல சாட்சி இல்லை. வரி வந்த பிறகு என்றால், சுங்க வரி வழக்குகளைப் பார்க்கும் செஸ்டாட் தீர்ப்பாயத்தில் 90 நாளுக்குள் மேல்முறையீடு.

## எம்எஸ்எம்இ சட்டம் இங்கே ஏன் உதவாது

2006-ம் ஆண்டுச் சட்டத்தில் எல்லோரும் நினைப்பது தாமதப் பணத்துக்கான பகுதியை: 45 நாள் வரம்பு, வங்கி விகிதத்தைப் போல் மூன்று மடங்கு கூட்டு வட்டி, பாக்கித் தகராறைத் தீர்க்கும் வசதி மன்றம். அது சரக்கை விற்றுவிட்டுப் பணம் வராத சிறு நிறுவனத்துக்கு. சரக்கு கிடைக்காத சிறு நிறுவனத்துக்கு அதில் எதுவும் இல்லை. உங்களுக்கு கெமிக்கல் தருபவர் உத்யம் எனும் எம்எஸ்எம்இ பதிவு செய்த சிறு உற்பத்தியாளர் என்றால், பாக்கிக்காக அவர் உங்கள் மேலேயே அந்த மன்றத்துக்குப் போகலாம்.

## வக்கீலைப் பார்க்கும் முன் கோப்பில் இருக்க வேண்டியவை

கடந்த 24 மாத வாங்கல் கணக்கை மாதவாரியாக எடுங்கள்: எத்தனை கிலோ, என்ன விலை, யாரிடம். ஜிஎஸ்டி பில்களிலிருந்து ஒரே நாளில் எடுத்துவிடலாம். அடுத்து, மறுப்பை எழுத்தில் வரவழையுங்கள். போனில் “இல்லை” என்றால், அன்றே மின்னஞ்சல் அனுப்புங்கள்: இன்ன கிரேடு, இன்ன அளவு, இன்ன தேதிக்கு, முன்பணம் தரத் தயார், தர முடியுமா? பதில் வராவிட்டாலும் கேட்டதற்கு ஆதாரம் இருக்கும். முன்பணம் தரத் தயார் என்ற வரியை விடாதீர்கள். பாக்கி காரணமாக நிறுத்தினோம் என்ற வாதத்தை அது பலவீனமாக்கும்.

குறைந்தது மூன்று வேறு சப்ளையர்களிடம் விலைப்புள்ளி கேளுங்கள், லாரி வாடகை தனியாக. சிவில் வழக்கில் இது சந்தை விலைக்குச் சாட்சி, போட்டி ஆணையத்தில் நிலப்பரப்புக்குச் சாட்சி, வரி விசாரணையில் தட்டுப்பாட்டுக்குச் சாட்சி. மாற்று கிரேடைப் போட்டுப் பார்த்திருந்தால் ஆய்வுக்கூட அறிக்கையும், கெட்டுப்போன பீஸ்களின் எண்ணிக்கையும் சேர்த்து வையுங்கள்.

வாட்ஸ்அப் உரையாடல் செல்லும், ஆனால் ஸ்கிரீன்ஷாட் மட்டும் போதாது. 2023-ம் ஆண்டு பாரதிய சாட்சிய சட்டத்தின் 63-வது பிரிவின்படி சான்றிதழ் வேண்டும். போனை மாற்றுவதற்கு முன், அந்த உரையாடலை முழுதாக எக்ஸ்போர்ட் செய்து, பழைய போனையும் விற்காமல் பத்திரமாக வையுங்கள்.

கடைசியாக, உங்கள் லைசென்ஸ், கன்சென்ட், பதிவு எண்கள் எல்லாவற்றின் நகலும், ஒவ்வொன்றும் முடியும் தேதியும் ஒரே தாளில். எதிர்த்தரப்பு வக்கீல் முதலில் கேட்பது அந்தத் தாளைத்தான்.